நகை எவ்வளவோ, கடன் அவ்வளவு: கதைகளில் காதலும் பழியும்

புதுப்படம் வந்த வெள்ளிக்கிழமை வண்ணாரப்பேட்டைப் பக்கம் எந்த டீக்கடையில் நின்றாலும் ஒரு கேள்வி காதில் விழும்: "காதல் படமா, பழிவாங்குகிற படமா?" கேட்பவர்கள் இவை இரண்டும் வேறு வேறு சரக்கு என்றே நினைக்கிறார்கள். காதல் என்றால் பாட்டு, கண்ணீர், கல்யாணம். பழி என்றால் அரிவாள், மழை, இடைவேளைக்கு முன் ஒரு பிணம். வடசென்னையைக் களமாகக் கொண்ட படம் என்றால் இரண்டாவது சரக்குதான் என்று டிக்கெட் வாங்கும்போதே முடிவாகிவிடுகிறது. காசிமேட்டைத் திரையில் மட்டுமே பார்த்தவர்களுக்கு அங்கே மீன் விற்கிறார்கள் என்பதே மறந்துபோயிருக்கலாம்.

கொஞ்சம் படித்தவர்கள் வேறு மாதிரி பேசுவார்கள். "காதல் முற்றினால் பழியாக மாறும்" என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். எப்படி மாறுகிறது, எல்லாக் காதலும் ஏன் மாறுவதில்லை, காதலே இல்லாத இடத்தில் பழி ஏன் சலிப்பூட்டுகிறது என்று கேட்டால் பதில் வராது. கதை எழுதத் தொடங்குகிறவர்களுக்கும், பார்த்த கதையைப் பிரித்துப் பார்க்க ஆசைப்படுகிறவர்களுக்கும் உள்ளே என்ன நடக்கிறது என்பதைச் சொல்லிப் பார்க்கிறேன்.

## அடகுக் கடைக் கணக்கு

அடகுக் கடையில் நகையை நீட்டினால் கடைக்காரர் முதலில் உரைத்துப் பார்ப்பார், பிறகு எடை போடுவார். அதன்பிறகுதான் பணத்தைப் பற்றிப் பேச்சு. எட்டு கிராம் மோதிரத்தை வைத்துவிட்டு வீடு கட்டப் பணம் கேட்டால் சிரித்து அனுப்பிவிடுவார். வட்டியோ அன்றைக்கே ஓடத் தொடங்கிவிடும்.

கதையில் காதல்தான் அந்த நகை. பழி என்பது அதன் பேரில் வாங்கும் கடன். கடைக்காரர் இடத்தில் இருப்பவர் வாசகர். நாயகன் எவ்வளவு வன்முறை செய்தாலும் நாம் அவன் பக்கம் நிற்போமா என்பது, அவன் இழந்ததை நம் கண்முன் எவ்வளவு எடை போட்டுக் காட்டினார்கள் என்பதைப் பொறுத்தது. கத்தி எத்தனை அடி நீளம் என்பதைப் பொறுத்ததல்ல.

இங்கே மூன்று சொற்களுக்குப் பொருள் சொல்லிவிடுகிறேன். 'காதல்' என்று இந்தக் கட்டுரையில் சொல்வது ஆண் பெண் காதலை மட்டுமல்ல. தாய் மகன், அண்ணன் தங்கை, நண்பர்கள் என்று இழந்தால் வலிக்கும் எந்தப் பிணைப்பையும். 'பழிவாங்கல்' என்பது தனக்கோ தன்னவருக்கோ நேர்ந்த தீங்குக்கு, பாதிக்கப்பட்டவரே அளவு குறித்து, அவரே திருப்பிக் கொடுப்பது. அளவு குறிப்பதும் கொடுப்பதும் அரசன், நீதிமன்றம், தெய்வம் என மூன்றாம் தரப்பின் கையில் இருந்தால் அது 'தண்டனை'.

"தன்னவருக்கோ" என்பதைச் சும்மா சேர்க்கவில்லை. 2300 ஆண்டுகளுக்கு முன் கிரேக்கத்தில் அரிஸ்டாட்டில், சினம் என்றால் என்ன என்று வரையறுத்தபோது, தனக்கோ தன்னைச் சேர்ந்தவருக்கோ நேர்ந்த தகாத அவமதிப்புக்குப் பதில் செய்யத் துடிக்கும், வலியோடு கூடிய விருப்பம் என்றார். தன்னைச் சேர்ந்தவர் என்று ஒருவர் இருந்தால்தானே அவருக்காகச் சினம் வரும்? ஆகவே காதலும் பழியும் எதிரெதிர் உணர்ச்சிகள் அல்ல. ஒன்று மற்றொன்றுக்கு முதல் போடுகிறது.

## எடை போடுவது எப்படி

இதைத் தமிழில், சிலப்பதிகாரம் எழுதிய இளங்கோவடிகளைப் போல் செய்து காட்டியவர் இல்லை. கண்ணகி என்றதும் மதுரையை எரித்தவள் என்பார்கள். சிலைகளிலும் ஓங்கிய கைதான். ஆனால் எரிப்பதற்கு முன் இளங்கோ எவ்வளவு பொறுமையாக எடை போடுகிறார் என்று பாருங்கள்.

மாதவியிடமிருந்து பொருளெல்லாம் இழந்து கோவலன் திரும்பி வருகிறான். வெட்கமாக இருக்கிறது என்கிறான். மாதவிக்குக் கொடுக்கப் பணம் இல்லாமல் வாடுகிறான் என்று கண்ணகி எண்ணிக்கொள்கிறாள். சிரித்த முகத்தோடு, "சிலம்பு உள, கொண்ம்" என்கிறாள். சிலம்பு இருக்கிறது, எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு வசைச் சொல் இல்லை. அந்தச் சிலம்புதான் பின்னால் அவனைக் கொல்லப்போகிறது என்பது படிக்கும் நமக்குத் தெரியும்; அவளுக்குத் தெரியாது.

பிறகு மதுரை. ஆயர் சேரியில் மாதரி கொடுத்த வீடு. பெரிய வணிகர் வீட்டுப் பெண் தரையில் உட்கார்ந்து பிஞ்சுக் காய்களை அரிகிறாள். மெல்லிய விரல் சிவக்கிறது, முகம் வியர்க்கிறது, கண் சிவக்கிறது. வாழை இலை போட்டுக் கணவனுக்குப் பரிமாறுகிறாள். சாப்பிட்டு முடித்த பிறகு வெற்றிலை பாக்கு. அப்போதுதான் அவன் தான் செய்த தவற்றையெல்லாம் சொல்லி, "எழு என்றதும் எழுந்து வந்துவிட்டாயே" என்று வருந்துகிறான். "நீங்கள் செய்தது பெரியோர் போற்றாத ஒழுக்கம்" என்று அவள் ஒரே ஒரு முறை, அதுவும் அமைதியாகச் சொல்கிறாள்.

அதன்பின் ஒரு சிலம்பை எடுத்துக்கொண்டு அவன் கடைத்தெருவுக்குப் போகிறான். அரசியின் சிலம்பைத் திருடியவன் என்ற பொய்க் குற்றச்சாட்டில், அந்தக் காதை, அதாவது காவியத்தின் அந்தப் பகுதி, முடிவதற்குள் வெட்டுப்பட்டுக் கிடக்கிறான். சமைத்ததும் செத்ததும் ஒரே காதையில்தான். அதற்குப் பெயரே கொலைக்களக் காதை. சோறு பரிமாறிய ஈரம் நம் மனத்தில் காய்வதற்குள் கொலை வந்துவிடுகிறது. பின்னால் ஊரே எரியும்போது நாம் அவளைத் தடுக்காமல் நிற்பதற்கு அந்த வாழை இலைதான் காரணம்.

## எடை போடாமல் கடன் கேட்டால்

எங்கள் பகுதி நூலகம் ஒன்றில் வாரக் கடைசியில் கதை எழுதும் இளைஞர்கள் கூடுவதுண்டு, நானும் போவேன். ஒரு தம்பி குறும்படத்துக்குக் கதை கொண்டுவந்தான். எண்ணூர் கடற்கரையில் நாயகனும் நாயகியும் ஐஸ்கிரீம் சாப்பிடுகிறார்கள், அவள் சிரிக்கிறாள், எதிரிகள் அவளைக் கொன்றுவிடுகிறார்கள், மீதி முழுக்க வெட்டு.

"அவள் என்ன வேலை செய்கிறாள்?" என்று கேட்டேன்.

"அண்ணா, அவள் மூன்றாவது காட்சியிலேயே செத்துவிடுவாள்" என்றான், வேலை எதற்கு என்கிற மாதிரி.

எத்தனையோ படங்களின் கோளாறு இந்த ஒரு பதிலுக்குள் இருக்கிறது. அவள் சாவதற்காகவே பிறந்தவள். அவளுக்கு வேலை இல்லை, கோபம் இல்லை, சில சமயம் பெயரே இல்லை. பித்தளை மோதிரத்தை நீட்டிவிட்டு லட்சக்கணக்கில் கடன் கேட்கிறார்கள். அதை மறைக்கத்தான் பின்னணி இசையைக் கூட்டுகிறார்கள்.

அவன் கோபித்துக்கொண்டு போனான். ஆனால் எழுதிக்கொண்டு வந்தான். புதுக் கதையில் அவள் காசிமேட்டில் அம்மாவோடு மீன் விற்கிறாள். விடியுமுன் ஏலத்தில் கூடை எடுப்பது அம்மா, கடன் நோட்டு எழுதுவது மகள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் கட்டிக்கிடக்கும்போது யாரும் கடனைத் திருப்ப மாட்டார்கள். நாயகனும் கடன் வாங்கியிருக்கிறான். அம்மா கண்ணில் படக்கூடாது என்று அவன் பெயருக்குப் பதிலாக 'சங்கரா' என்று மீன் பெயரை எழுதிவைத்திருக்கிறாள். இது அவனுக்குத் தெரியாது. அவள் போன பிறகு அம்மா நோட்டைப் புரட்டி, "இது யார், சங்கரா என்று ஒரு ஆள், இவ்வளவு பாக்கி வைத்திருக்கிறான்?" என்று அவனிடமே கேட்கிறாள்.

அந்தக் காட்சியில் ஒரு துளி இரத்தம் இல்லை. ஆனால் அதற்குப் பிறகு அவன் அரிவாளை எடுத்தால் எனக்கு ஏன் என்று புரியும். எடுக்காவிட்டாலும் புரியும்.

இதுவரை பார்த்தது இவ்வளவுதான்: பழி நம்மைத் தொடவேண்டுமானால் இழப்பு கனமாக இருக்கவேண்டும், இழப்பு கனமாக இருக்கவேண்டுமானால் காதலை நுணுக்கமான செயல்களில் காட்டவேண்டும், பாட்டில் அல்ல.

## கதவு சாத்தப்பட வேண்டும்

காதலும் இழப்பும் இருந்தால் மட்டும் பழிக்கதை ஆகிவிடாது. அழுதுவிட்டுப் போலீஸ் நிலையத்துக்குப் போனால் அது வழக்குக் கதை. நியாயம் கேட்டுத் தட்டவேண்டிய கதவுகள் ஒவ்வொன்றாகச் சாத்தப்பட வேண்டும். இதை 'அடைபட்ட நீதி' என்று வைத்துக்கொள்வோம்.

மகாபாரதத்தின் அம்பையைப் பாருங்கள். அவள் மனத்தில் இருப்பவன் சால்வன். சுயம்வரத்திலிருந்து பீஷ்மர் அவளைத் தம்பிக்காகத் தேரில் தூக்கிவந்துவிடுகிறார். உண்மையைச் சொன்னதும் அனுப்பிவைக்கிறார். சால்வன், வேறொருவன் கவர்ந்து சென்ற பெண் வேண்டாம் என்கிறான். பீஷ்மரிடம் திரும்பினால் அவர் பிரம்மச்சரிய விரதம் பூண்டவர். பீஷ்மரின் குருவான பரசுராமரிடம் முறையிடுகிறாள், அவர் பீஷ்மரோடு போரே நடத்திப் பார்த்தும் வெல்ல முடியவில்லை. காதலன், கவர்ந்தவன், குரு, எல்லாக் கதவும் மூடிவிட்டன. அதன்பிறகுதான் தவம், தீ, மறுபிறவி, பீஷ்மரின் வீழ்ச்சிக்குக் காரணமாகும் சிகண்டி. ஒரு கதவு திறந்திருந்தாலும் சிகண்டி பிறந்திருக்க மாட்டாள்.

கதவு திறந்திருந்தால் என்ன ஆகும் என்பதற்கும் நம் ஊரிலேயே கதை இருக்கிறது. பெரியபுராணத்தில் சங்கிலியார், சென்னைக்கு வடக்கே உள்ள ஞாயிறு என்ற ஊரில் பிறந்து, திருவொற்றியூர்க் கோயிலில் மாலை தொடுத்துவந்தவர். திருவாரூரில் பரவையாரை முன்பே மணந்திருந்த சுந்தரர் இவரையும் விரும்புகிறார். பிரியமாட்டேன் என்று சத்தியம் செய்யவேண்டும் என்பது நிபந்தனை. சுந்தரர் சாமர்த்தியமாக, சந்நிதியில் நான் சத்தியம் செய்யும் நேரத்தில் நீர் மகிழமரத்தடியில் போய் இருந்துவிடும் என்று இறைவனிடமே சொல்லிவைக்கிறார். இறைவனோ சங்கிலியாரின் கனவில் வந்து, மகிழமரத்தடியில் சத்தியம் கேள் என்று சொல்லிவிடுகிறார்! மரத்தடியில் வசமாக மாட்டிச் சத்தியம் செய்த சுந்தரர், வசந்த காலத்தில் ஆரூர் நினைவு வந்து புறப்பட, ஒற்றியூர் எல்லையைத் தாண்டியதும் இரு கண்களும் தெரியாமல் போகின்றன. மாசிப் பெருவிழாவில் இன்றும் மகிழடி சேவை நடக்கிறது.

காதல் இருக்கிறது, துரோகம் இருக்கிறது, ஆனால் பழிவாங்கல் இல்லை. சங்கிலியார் சுட்டு விரலைக்கூட அசைக்கவில்லை. மூன்றாம் தரப்பு தன் வேலையைச் செய்துவிட்டது. அதனால் இது தண்டனைக் கதை. காஞ்சியில் ஒரு கண்ணும் ஆரூரில் மறு கண்ணும் திரும்பவும் கிடைத்துவிடுகின்றன.

## வஞ்சினம்

கதவு மூடியதும் பாத்திரம் வாய்விட்டு ஒன்று சொல்லும். அதற்குப் பழந்தமிழில் 'வஞ்சினம்' என்று பெயர்: இதைச் செய்து முடிப்பேன், முடிக்காவிட்டால் எனக்கு இன்ன கேடு வரட்டும் என்று தனக்கே சாபம் போட்டுக்கொள்ளும் சூளுரை.

புறநானூற்றின் 71ஆம் பாட்டு ஒரு வஞ்சினம். பாடியவன் ஒல்லையூர் தந்த பூதப்பாண்டியன் என்ற அரசன். பகைவரைத் தோற்று ஓடச் செய்யாவிட்டால் என்ன கேடு வரட்டும் என்கிறான் தெரியுமா? நாடு போகட்டும் என்றோ உயிர் போகட்டும் என்றோ அவன் தொடங்கவில்லை. பெரிய, மை தீட்டிய கண்களை உடைய என் மனைவியை நான் பிரிவேனாக என்கிறான். போர்ச் சூளுரைக்கு நடுவே மனைவியின் கண்களை வருணிக்கிறான்! தன்னிடம் இருப்பதிலேயே விலை மதிப்பானது எது என்று யோசித்து, அதையே அடகு வைத்துவிட்டான். அவன் இறந்தபோது, விதவையாக வாழ்வதைவிட ஈமத்தீயே எனக்குத் தாமரைக் குளம் என்று பாடித் தீப்புகுந்த பெருங்கோப்பெண்டு இதே மனைவிதான்; அது 246ஆம் பாட்டு. இரண்டையும் சேர்த்துப் படித்தால் அந்த வஞ்சினத்தின் எடை தெரியும்.

பாரதியின் பாஞ்சாலியும் இப்படித்தான். துச்சாதனன், துரியோதனன் இரத்தத்தைப் பூசிக் குளிக்கும் வரை கூந்தல் முடிக்கமாட்டேன் என்கிறாள். தினமும் தலை வாரும் சாதாரண வேலை பழிக்குப் பணயமாகிவிடுகிறது. விரிந்த கூந்தலைக் கண்ணாடியில் பார்க்கும் ஒவ்வொரு காலையும் கடன் நினைவுக்கு வரும்.

## வட்டி

இனி எனக்கு மிகவும் பிடித்த சிக்கல். கண்ணகி நேரே போய் ஊரைக் கொளுத்தவில்லை. முதலில் அரசவைக்குப் போய் வழக்காடுகிறாள். என் சிலம்பின் உள்ளே இருக்கும் பரல் மாணிக்கம் என்கிறாள். அரசியின் சிலம்பில் முத்து. உடைத்ததும் மாணிக்கம் தெறிக்கிறது. பாண்டியன் மழுப்பவில்லை. "யானோ அரசன்? யானே கள்வன்" என்று சொல்லி, "கெடுக என் ஆயுள்" என்று உயிரை விடுகிறான். அவன் தேவியும் இறக்கிறாள்.

குற்றவாளி ஒப்புக்கொண்டு தனக்குத் தானே மரண தண்டனையும் கொடுத்துவிட்டான். கணக்கு அங்கேயே முடிந்துவிட்டது. பிறகு மதுரை ஏன் எரிகிறது?

அரசன் இறந்தது தண்டனை. ஊர் எரிந்தது பழி. நீதி கொடுக்கக்கூடியது ஓர் உயிருக்கு ஓர் உயிர். அந்த வாழை இலை உணவை எந்த நீதியும் திருப்பித் தர முடியாது. தண்டனைக்குப் பிறகும் காதலில் மிச்சமிருப்பதுதான் வட்டியாக வெளியே வருகிறது. இந்த மிச்சம் இளங்கோவுக்கும் சங்கடமாக இருந்திருக்க வேண்டும். பார்ப்பார், அறவோர், பசு, பத்தினிப் பெண்கள், முதியோர், குழந்தைகள் இவர்களை விட்டுத் தீயவர் பக்கமே சேர் என்று கண்ணகி தீக்கடவுளுக்கு வரம்பு கட்டுவதாக எழுதுகிறார். நல்ல பழிக்கதை இந்த இடத்தில் தடுமாறவேண்டும். தடுமாறாத கதை விளம்பரம்.

ஊர் மக்களும் இந்த மிச்சத்தை என்ன செய்வது என்று யோசித்திருக்கிறார்கள். மதுரையை எரித்தும் சினம் ஆறாத கண்ணகி வடக்கே வந்து திருவொற்றியூரில் அடங்கினாள் என்று, அங்குள்ள வட்டப்பாறை அம்மனைக் காட்டி ஒரு கதை வழங்குகிறது. காவியம் சேரநாட்டில் முடிகிறது. மக்கள் கதையோ அவளை எங்கள் தெருமுனை வரை கொண்டுவந்து ஆற்றுகிறது.

ஆக, ஒரு பழிக்கதை இந்த வரிசையில் நகர்கிறது: காதலின் எடை, இழப்பு, அடைபட்ட நீதி, வஞ்சினம், கடைசியில் தண்டனையைத் தாண்டிய வட்டி. இதில் ஒன்றைத் தாவினாலும் பார்ப்பவர் மனம் கதையிலிருந்து கழன்றுவிடும்.

## காதலித்தவர் மேலேயே பழி

இரண்டு வகையைக் குழப்பிக்கொள்வதுதான் பொதுப்பேச்சில் பெரிய பிழை. காதலித்தவருக்காகப் பழிவாங்குவது ஒன்று. காதலித்தவர் மேலேயே பழிவாங்குவது வேறொன்று. குண்டலகேசி, காதலித்து மணந்த கள்வனாகிய கணவன் தன்னை மலையுச்சியில் கொல்லப் பார்த்ததும், வலம் வருவதுபோல் சுற்றிவந்து அவனைக் கீழே தள்ளிவிடுகிறாள். அங்கே நிஜமான திருமணம் இருந்தது, நிஜமான துரோகம் இருந்தது. நகை தங்கம்தான்.

சூர்ப்பணகையின் கணக்கு வேறு. இராமன் மீதான அவள் ஆசைக்கு ஒரு நாள்கூட வயதாகவில்லை. மறுக்கப்பட்டதும், சீதையைத் தாக்கப் போய் மூக்கறுபட்டதும், அண்ணனிடம் சீதையின் அழகைச் சொல்லி இலங்கைக்கே தீ வைப்பதும் அடுத்தடுத்து வருகின்றன. அறுபட்ட மூக்குக்காக நாம் இரங்கலாம், காதலுக்காக அல்ல. உத்தர காண்டத்தில் இராவணன் போரில் அவள் கணவனைக் கொன்றுவிடும் கதை வருகிறது. அதை முன்னால் வைத்து இதே கதையைச் சொல்லிப் பாருங்கள், அவள் யாரை அழிக்கப் புறப்பட்டாள் என்பதே மாறித் தெரியும்.

ஒருதலைக் காதலைத் தொல்காப்பியம் 'கைக்கிளை' என்று, இருவரும் விரும்பும் காதலுக்கான ஐந்திணைக்கு வெளியே வைத்தது. நம் திரைக்கதைகளோ அதைத் தூக்கி நடுவில் வைத்து, மறுத்த பெண்ணை நாயகன் பழிவாங்குவதைக் காதலின் ஆழம் என்று காட்டுகின்றன. அங்கே அடகு வைக்க நகையே இல்லை. பிணைப்பு உருவாகவே இல்லை. காயப்பட்டது தன்மானம் மட்டும். அதைக் காதல் என்று எழுதுகிறவர், என் கருத்தில், கதை எழுதத் தெரியாதவர் மட்டுமல்ல.

## கடனை விட்டுக்கொடுக்கும் கதை

காதல் பழியை மூட்டும் என்றால், அதே காதல் அதை நிறுத்தவும் கூடுமா? நிறுத்துகிறது, அந்தக் கதைகள் குறைவு, எழுதுவதும் கடினம்.

மணிமேகலை காவியத்தில் சோழ இளவரசன் உதயகுமாரன் கொல்லப்படுகிறான். வெட்டியவன் காஞ்சனன் என்ற விஞ்சையன், அதாவது வித்தியாதரன். காயசண்டிகை உருவில் இருந்த மணிமேகலையைத் தன் மனைவி என்று நினைத்துப் பொறாமையில் வெட்டினான். மகனை இழந்த அரசியின் கோபம் மணிமேகலை மேல் திரும்புகிறது. அவளைப் பித்தாக்கப் பார்க்கிறாள், ஒழுக்கக்கேட்டுக்கு ஆள் ஏவுகிறாள், உணவில்லாமல் அடைத்துவைக்கிறாள். எதுவும் பலிக்காமல் அரசி அஞ்சித் தளரும்போது மணிமேகலை ஒன்று கேட்கிறாள்: மகனின் உடலுக்கு அழுதாயா, உயிருக்கு அழுதாயா? உடலுக்கு என்றால், அதை எடுத்துச் சுடுகாட்டில் இட்டது யார்? உயிருக்கு என்றால், அது போய்ப் புகுந்த இடம் தெரியாது. அந்த உயிர் மேல் அன்பு என்றால் எல்லா உயிர் மேலும் இரங்கவேண்டும். அரசியின் தாய்மையை அவள் மறுக்கவில்லை, அதையே விரித்துவிடுகிறாள்.

திரௌபதிக்கு இரண்டு முடிவுகள் உண்டு. அசுவத்தாமனும் காதலால்தான் கொன்றான். தந்தை துரோணரைப் பாண்டவர்கள் பொய் சொல்லி வீழ்த்தியதால் எழுந்த வெறியில், இரவில் தூங்கிக்கொண்டிருந்த அவள் ஐந்து பிள்ளைகளையும் வெட்டினான். மகாபாரதத்தில் அவன் சாகவேண்டும் என்று அவள் உண்ணாமல் அமர்கிறாள். கடைசியில் அவன் தலையில் இருந்த மணியைப் பறித்துக் கொண்டுவந்த பிறகே எழுகிறாள். பாகவதத்தில் அர்ச்சுனன் அவனைக் கட்டி இழுத்துவந்து அவள்முன் நிறுத்துகிறான். அவள், இவனை விட்டுவிடுங்கள், பிள்ளையைப் பறிகொடுத்து நான் அழுவதுபோல இவன் தாயும் அழவேண்டாம் என்கிறாள். பீமன் ஒப்பவில்லை, கொன்றே ஆகவேண்டும் என்கிறான். அர்ச்சுனன் இருவர் சொல்லையும் காப்பாற்ற வழி தேடி, அசுவத்தாமனின் முடியோடு மணியையும் அறுத்து எடுத்துக்கொண்டு, பாசறையிலிருந்து அவனைத் துரத்திவிடுகிறான்.